"கல்லிக்கன்" என்னும் அடைமொழி: அதன் பொருளும் தோற்றமும்

தோற்றுவாய்

ஒரு சொல்லின் வரலாறு சில வேளைகளில் ஒரு நாட்டின் வரலாறாகவே அமைந்துவிடுவதுண்டு. ஐரோப்பிய வரலாறு கற்கும் மாணவர் பிரான்சு தேசத்து 14ஆம் லூயி மன்னனின் ஆட்சியைப் படிக்குங்கால், "கல்லிக்கன் திருச்சபை", "கல்லிக்கன் உரிமைகள்", "கல்லிக்கன் கொள்கை" என்னுந் தொடர்களை எதிர்ப்படுகின்றனர். பாடநூல்கள் பெரும்பாலும் "பிரான்சியத் திருச்சபையைச் சார்ந்த" என ஒரே வரியிற் பொருள் கூறி அப்பாற் செல்கின்றன. அப்பொருள் பிழையானதன்று, ஆயினும் போதியதன்று. பிரான்சு என்னும் பெயர் வழங்கி வந்த நாட்டிலே, திருச்சபைக்கு மட்டும் அப்பெயர் வழங்காது வேறொரு பழம்பெயர் ஏன் நிலைத்தது? இடத்தைக் குறித்த அடைமொழி எவ்வாறு ஓர் அரசியற் கொள்கையைக் குறிப்பதாயிற்று? "உரிமை" என்னுஞ் சொல் அதனோடு இடையறாது இணைந்து வந்ததே, அவ்வுரிமை எவர்க்கு எவரிடமிருந்து கிடைத்த உரிமை? இம்மூன்று வினாக்களுக்கும் விடை காண்பார்க்கு அச்சொல்லினூடாக 1500 ஆண்டு வரலாறு புலனாகும்.

சொல்லின் பிறப்பு

இன்றைய பிரான்சு தேசத்தையும் அதனைச் சூழ்ந்த சில பகுதிகளையும் உரோமர் "கல்லியா" என அழைத்தனர். அங்கு வாழ்ந்த கெலுத்திய இனத்தார் உரோமரின் இலத்தீன் மொழியிற் "கல்லி" எனப் பெயர் பெற்றனர். கி.மு. 58 தொடக்கம் யூலியசு சீசர் அந்நாட்டின் மீது நடத்திய போர்களும், அவற்றைப் பற்றி அவரே எழுதிய நூலும் அப்பெயரை அழியாது நிறுவின. இலத்தீனிலே "கல்லுசு" என்னுஞ் சொல்லுக்குச் சேவல் என்ற பொருளும் உண்டு. இவ்வொலி ஒற்றுமையே பிற்காலத்திற் சேவல் பிரான்சு தேசத்தின் சின்னங்களுள் ஒன்றாதற்குக் காரணமாயிற்று. கெலுத்தியருள் ஒரு பிரிவார் சின்னாசியாவிற் குடியேறி வாழ்ந்த நிலமே "கலாத்தியா" என்பது. புனித பவுலடியார் நிருபமொன்று எழுதியது அந்நாட்டார்க்கேயாம்.

இப்பெயரிலிருந்து இலத்தீனில் இரண்டு அடைமொழிகள் தோன்றின. ஒன்று "கல்லிக்குசு", மற்றொன்று "கல்லிக்கானுசு". முன்னையது கல்லிய மக்களையும் அவர்தம் இயல்பையும் நேரே குறிப்பது. பின்னையது அம்முதலடைமீது மேலுமோர் ஈறு புணர்ந்து ஆயது; கல்லிய நிலத்தோடு தொடர்புடையது, அந்நிலத்தில் நிலைகொண்டது என்னும் பொருளைத் தருவது. கி.மு. 63இல் சிசரோ தம் பேச்சொன்றிற் கல்லிய நிலப்பகுதியில் நிறுத்தப்பட்டிருந்த உரோமப் படைகளைச் சுட்டும்போது பின்னைய சொல்லையே ஆண்டார். அப்படையினர் கல்லியர் அல்லர். கல்லிய நிலத்தில் இருந்தமையால் அப்பெயர் பெற்றனர். எனவே, "கல்லிக்கன்" என்பது தொடக்கத்தில் இனத்தைக் குறித்ததன்று, இடத்தைக் குறித்தது. நம் இலக்கண நூலார் இடவாகுபெயர் என்று கூறும் முறை இதனைப் புரிந்துகொள்ளப் பெரிதும் உதவும்.

மாணவர் இங்கே ஒரு வேறுபாட்டை மனத்திற் கொள்ளல் வேண்டும். "கல்லிசம்" எனத் தொடங்கும் வேறொரு சொல் பிரெஞ்சு மொழிக்கேயுரிய சொல்லாட்சியைக் குறிப்பது. அது மொழிநூலார்க்கு உரியது. இசுப்பானிய நாட்டின் வடமேற்கிலுள்ள "கலீசியா"வைச் சார்ந்த அடைமொழி வேறு. இவை ஒலியால் ஒத்திருப்பினும் பொருளால் ஒன்றாகா.

பழம்பெயர் நிலைத்த காரணம்

கல்லிய நாட்டிற் கிறித்தவம் வேரூன்றியபோது அது உரோமப் பேரரசின் பகுதியாகவே இருந்தது. கி.பி. 177இல் லியோன் நகரத்துக் கிறித்தவர் கொடுந்துன்பத்திற்கு ஆளாயினர். கி.பி. 314இல் ஆர்ல் நகரில் மேற்றிராணிமாரின் சங்கமொன்று கூடியது. அக்காலத்துத் திருச்சபையின் பிரிவுகள் யாவும் உரோம ஆட்சிப் பிரிவுகளைத் தழுவியே அமைந்தன. ஆதலால் அந்நாட்டுத் திருச்சபை "எக்கிளேசியா கல்லிக்கானா", அஃதாவது கல்லிய நாட்டுத் திருச்சபை எனப்பட்டது.

ஐந்தாம் நூற்றாண்டில் உரோமப் பேரரசு மேற்கில் வீழ்ந்தது. பிராங்கர் எனப்பட்ட செருமானிய இனத்தார் நாட்டைக் கைப்பற்றினர். அவர்தம் மன்னனாகிய குளோவிசு, ரேம்சு நகரில் மேற்றிராணியார் ரெமீசியுசு கையால் ஞானமுழுக்குப் பெற்றான். காலப்போக்கிற் பிராங்கரின் பெயரால் நாடு பிரான்சு என்றாயிற்று. அரசு மாறியது, ஆள்வோர் மாறினர், பெயரும் மாறியது. ஆனாற் குருமாரின் ஏடுகளில் மட்டும் பழைய கல்லியாவே நின்றது. திருச்சபையின் மொழி இலத்தீன். அதன் ஆவண மரபு உரோமரின் மரபு. 1079இல் 7ஆம் கிரகோரி என்னும் பாப்பரசர் லியோன் நகரத்து அதிமேற்றிராணியாரின் முதன்மையை உறுதிசெய்த பின்னர், "கல்லியாக்களின் முதல்வர்" என்னுஞ் சிறப்புப்பெயர் அவர் பதவிக்கு உரியதாய் நிலைத்துவிட்டது. மக்கள் வழக்கில் மறைந்த பெயர் சமயத்தாரின் வழக்கில் வாழ்வது உலகியல்பு. பெயரின் பழமை அதனைச் சுமந்தோர்க்கு ஒரு பெருமிதத்தையும் அளித்தது. "எம் திருச்சபை எம் அரசினும் மூத்தது, குளோவிசு முடிசூடுமுன்பே அது இருந்தது" என்னும் எண்ணம் அச்சொல்லினுள் உறைந்து கிடந்தது. பிற்காலப் போராட்டங்களில் அவ்வெண்ணமே கருவியாயிற்று.

வழிபாட்டிலும் சங்கீதத்திலும்

"கல்லிக்கன்" என்னும் அடைமொழி அரசியலில் வழங்குமுன் வழிபாட்டில் வழங்கிற்று. எட்டாம் நூற்றாண்டுவரை கல்லிய நாட்டிலே திருப்பலி நடந்த முறை உரோமையில் நடந்த முறையினின்றும் வேறுபட்டது. உரோமையின் மன்றாட்டுக்கள் சொற்செட்டும் அடக்கமும் உடையன. கல்லிய நாட்டின் மன்றாட்டுக்களோ நீண்டனவும் அணிநலம் மிக்கனவுமாம். இதுவே கல்லிக்கன் வழிபாட்டு முறை எனப்படுவது. பெப்பின் மன்னனும் அவன் மகன் சார்ளிமேனும் தம் பேரரசு முழுவதும் உரோம முறையே வழங்கவேண்டும் என விரும்பினர். சார்ளிமேன் 1ஆம் ஏதிரியன் என்னும் பாப்பரசரிடமிருந்து உரோம வழிபாட்டு நூலொன்றைத் தருவித்தான். ஆயின் அந்நூல் முற்றுப்பெற்றதாக இல்லை. குறைந்த பகுதிகளை நிரப்ப முற்பட்ட பிராங்க நாட்டுக் குருமார் உள்ளூரில் வழங்கிய பழைய மன்றாட்டுக்களை அதனோடு சேர்த்தனர். இங்ஙனங் கலந்த நூலே பின்னர் ஆல்ப்சு மலையைக் கடந்து உரோமைக்குத் திரும்பிச் சென்றது. கல்லிய முறையை அழிக்கவந்த நூல் அதன் கூறுகளைத் தன்னுட்கொண்டு உரோமைக்கே எடுத்துச்சென்றமை வரலாற்றின் விந்தைகளுள் ஒன்றாகும்.

சங்கீதங்களின் செய்தியும் இத்தகையதே. "கல்லிக்கன் சங்கீதநூல்" எனப்படுவதனைக் கேட்டவுடன் கல்லிய நாட்டார் ஒருவர் அதனை மொழிபெயர்த்தார் எனக் கருதுதல் இயல்பு. உண்மை அதுவன்று. புனித எரோணிமுசு பெத்லெகேமிலிருந்து, நான்காம் நூற்றாண்டின் இறுதிப்பகுதியில், ஒரிசன் என்பார் தொகுத்த கிரேக்க பாடத்தை ஒப்புநோக்கி இலத்தீன் சங்கீதங்களைத் திருத்தினார். அத்திருத்தம் கல்லிய நாட்டிற் பெருவழக்குப் பெற்றது. சார்ளிமேனின் அவையில் விளங்கிய அல்குவின் அதனையே தம் திருமறைப் பதிப்பிற் சேர்த்துக்கொண்டார். அதன்வழி அது மேற்குலகத் திருச்சபையின் பொதுப் பாடமாயிற்று. ஆகவே இப்பெயர் பிறந்த இடத்தாற் பெற்றதன்று. வழங்கிய இடத்தாற் பெற்றதாகும். காரணப்பெயராயினும் அதன் காரணத்தை ஆராய்ந்தே அறிதல் வேண்டும்.

இதுவரை கண்ட வழக்குகளிற் பூசலின் சாயலில்லை. இடமும் மரபுமே பொருளாயின. பூசல் 13ஆம் நூற்றாண்டின் முடிவில் எழுந்தது.

மன்னனும் பாப்பரசரும்

அழகன் எனப்பட்ட 4ஆம் பிலிப்பு மன்னன் போர்ச்செலவிற்காகக் குருமாரிடம் வரி வாங்கினான். 8ஆம் பொனிபேசு என்னும் பாப்பரசர் 1296இல் விடுத்த ஆணையில், தம் இசைவின்றிக் குருமாரிடம் வரி பெறலாகாது எனத் தடுத்தார். பூசல் முற்றிற்று. 1302இல் மன்னன் பாரிசு நகரிற் குருமார், பிரபுக்கள், நகரமாந்தர் ஆகிய மூவகுப்பாரின் பேரவையைக் கூட்டித் தன்பக்கம் சேர்த்துக்கொண்டான். அவ்வாண்டின் இறுதியிற் பாப்பரசர், மாந்தர் யாவரும் மீட்படைதற்குப் பாப்பரசர்க்கு அடங்கியிருத்தல் இன்றியமையாதது என முடிந்த முடிபாக அறிவித்தார். 1303 செத்தெம்பரில் மன்னனின் ஆட்கள் அனாஞி நகரிற் பாப்பரசரைச் சிறைப்பிடித்தனர். நகரத்தார் அவரை விடுவித்தனராயினும் அடுத்த மாதமே அவர் உயிர்நீத்தார். 1309இலிருந்து 1377வரை பாப்பரசர்கள் அவிஞோன் நகரில் வாழ்ந்தனர்.

1378இல் திருச்சபையிலே பெரும் பிளவு உண்டாயிற்று. இருவர், பின்னர் மூவர், தாமே உண்மைப் பாப்பரசர் என உரிமை கொண்டாடினர். எவர்க்குக் கீழ்ப்படிவது என்று அறியாது நாடுகள் மயங்கின. பாரிசு பல்கலைக்கழகத்து அறிஞர் இவ்விடுக்கணுக்கு வழி தேடினர். பியேர் தாய்யி, சான் செர்சோன் ஆகியோர், பாப்பரசர் பிழைபடினும் திருச்சபை முழுமையும் பிழைபடாது. ஆதலாற் பொதுச்சங்கமே இறுதி நடுவராதல் வேண்டும் என வாதித்தனர். 1414இற் கூடிய கொன்சுதான்சு சங்கம் 1415இல் இக்கருத்தைத் தீர்மானமாக நிறைவேற்றி, 1417இற் பிளவை ஒழித்தது. இக்காலத்திலேயே "கல்லிக்கன் திருச்சபையின் உரிமைகள்" என்னுந் தொடர் அரச ஆவணங்களில் இடம்பெறுவதாயிற்று. கடமை தவறிய தலைமையினின்றுந் தம்மைக் காத்துக்கொள்ளும் பொருட்டு ஒரு நாட்டுத் திருச்சபை தன் பழைய வழக்கங்களைப் பற்றிநின்ற நிலையை அது குறித்தது.

1438இல் 7ஆம் சாள்சு மன்னன் பூர்சு நகரிற் குருமாரைக் கூட்டி ஓர் அரசாணையை வெளியிட்டான். பொதுச்சங்கம் பாப்பரசரினும் மேலானது என்றும், மேற்றிராணிமாரை அவ்வக் கோயிற் குருமார் கழகங்களே தேர்தல் வேண்டும் என்றும், உரோமைக்குச் செல்லும் பணங்கள் கட்டுப்படுத்தப்படும் என்றும் அவ்வாணை விதித்தது. இங்கே உரிமை குருமாரின் உரிமையாக இருந்தது.

ஆனால் 1516இற் காட்சி மாறிற்று. 1ஆம் பிரான்சிசு மன்னனும் 10ஆம் லியோ பாப்பரசரும் பொலோனா உடன்படிக்கையைச் செய்துகொண்டனர். மேற்றிராணிமாரையும் மடத்துத் தலைவரையும் பெயர்குறித்து நியமிப்பவன் மன்னன். அவர்க்குத் திருச்சபை அதிகாரம் அளிப்பவர் பாப்பரசர் என்பது அதன் சாரம். குருமாரின் தேர்தல் உரிமை இருவராலும் பகிர்ந்துகொள்ளப்பட்டு ஒழிந்தது. பாரிசு பல்கலைக்கழகம் எதிர்த்தது. பார்லமென்று எனப்பட்ட உயர்நீதிமன்றம், அரசனின் வெளிப்படையான கட்டளையின் மேல் எனக் குறித்தே 1518இல் அதனைப் பதிவுசெய்தது. கல்லிக்கன் உரிமைகளுக்கு விளைந்த முதற் பெருங்கேடு உரோமையினால் மட்டும் வந்ததன்று. தன் நாட்டு மன்னனாலும் வந்தது என்பது ஈண்டு நோக்கற்பாலது.

உரிமைகள் ஏடாயின

16ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிற் பிரான்சு சமயப்போர்களாற் சிதைந்தது. புரட்டத்தாந்தராயிருந்த நவார் நாட்டு என்றி முடிக்கு உரியவனானபோது, 5ஆம் சிக்சுதுசு பாப்பரசர் 1585இல் அவன் அரசுரிமையற்றவன் என அறிவித்தார். 1589இல் 3ஆம் என்றி மன்னன் துறவி ஒருவனாற் குத்திக் கொல்லப்பட்டான். பாப்பரசர் மன்னரை நீக்கவும் குடிகளை விசுவாசப் பிரமாணத்தினின்றும் விடுவிக்கவும் வல்லர் என்னுங் கொள்கை கொலைஞன் கைக்கு வாளாயிற்று எனப் பலரும் அஞ்சினர். இவ்வச்சத்தை உணராதார்க்குக் கல்லிக்கன் கொள்கையின் வலிமை விளங்காது.

நவார் என்றி 1593இற் கத்தோலிக்கனாகி 4ஆம் என்றியாய் அரசாண்டான். அவன் பாரிசினுட் புகுந்த 1594இலேயே பியேர் பித்தூ என்னுஞ் சட்டவறிஞர் கல்லிக்கன் திருச்சபையின் உரிமைகளை 83 பிரிவுகளாக வகுத்து நூல் வெளியிட்டார். அவை அனைத்தும் இரு அடிப்படைகளில் எழுந்தன. உலகியற் காரியங்களிற் பாப்பரசர் பிரான்சு மன்னனின் நாட்டில் எதனையும் கட்டளையிடல் ஆகாது என்பது ஒன்று. ஆன்மீகத்தில் அவர் தலைவரேயாயினும், பிரான்சில் ஏற்றுக்கொள்ளப்பட்ட பழைய சங்கங்களின் விதிகளால் அவர் அதிகாரம் எல்லைப்படும் என்பது மற்றொன்று. நூலியற்றியவர் குருவல்லர், சட்டவறிஞர் என்பது கருதத்தக்கது. குரு ஒருவரின் தீர்ப்பினால் தீங்குற்றோர் அரச நீதிமன்றத்திற்கு முறையிடலாம் என்னும் வழக்கமும் வலுப்பெற்றது. அதன் பயனாகத் திருச்சபையின் உள்வழக்குகளும் நீதிபதிகளின் கைக்கு வந்தன.

1610இல் 4ஆம் என்றியும் கொலையுண்டான். 1614இற் கூடிய மூவகுப்பார் பேரவையில் நகரமாந்தர், மன்னன் தன் முடியை இறைவனிடமிருந்தே பெற்றவன். எவராலும் நீக்கப்படான் என்பதனை நாட்டின் அடிப்படைச் சட்டமாக்கல் வேண்டுமெனக் கோரினர். அதனை எதிர்த்து வென்றவர்கள் பிரான்சு நாட்டுக் குருமாரே. எனவே ஒரே பெயரின் கீழ் நீதிபதிகள் ஒரு பொருளையும், மேற்றிராணிமார் வேறொரு பொருளையும் கொண்டிருந்தனர். வரலாற்றாசிரியர் இக்காரணத்தால் அரசசார்பு, நீதிமன்றச்சார்பு, மேற்றிராணியார்சார்பு எனக் கல்லிக்கன் கொள்கையை மூவகையாகப் பகுப்பர்.

1682ஆம் ஆண்டின் நான்கு பிரிவுகள்

மேற்றிராசனம் ஒன்று தலைவரின்றி இருக்குங்கால் அதன் வருவாயைப் பெறுதலும், அதன் கீழுள்ள சில பதவிகளை நிரப்புதலும் பழைய பிரான்சின் பல பகுதிகளில் மன்னனின் உரிமையாயிருந்தன. 14ஆம் லூயி 1673இல் இவ்வுரிமையை நாடு முழுவதற்கும் விரித்தான். மேற்றிராணிமாரிற் பெரும்பாலோர் வாளாவிருந்தனர். அலே நகரத்து நிக்கலா பவியோனும் பாமியே நகரத்து பிரான்சுவா கோலேயும் மட்டும் எதிர்த்து நின்றனர். கோலேயின் வருவாய் பறிமுதலாயிற்று. தம் நாட்டில் நீதி காணாத அவர்கள் 11ஆம் இன்னொசெந்து பாப்பரசரிடம் முறையிட்டனர். கல்லிக்கன் திருச்சபையின் உரிமையைக் காக்க உரோமையின் துணையை நாடவேண்டிய நிலை பிறந்தது.

பாப்பரசர் அவர்கட்குத் துணைநின்றார். மன்னன் குருமாரின் பேரவையைக் கூட்டினான். 1682 மார்ச்சு 19ஆம் நாள் அப்பேரவை நான்கு பிரிவுகள் கொண்ட பிரகடனத்தை ஏற்றது. அதனை வரைந்தவர் மோ நகரத்து மேற்றிராணியாரும் பெரும் பேச்சாளருமாகிய பொசுவே. அந்நான்கின் கருத்து வருமாறு:

முதலாவது, மன்னர் உலகியற் காரியங்களில் எந்தத் திருச்சபை அதிகாரத்திற்கும் உட்பட்டவரல்லர். அவரை நீக்கவும் குடிகளைப் பிரமாணத்தினின்றும் விடுவிக்கவும் இயலாது. இரண்டாவது, பொதுச்சங்கங்களின் அதிகாரம் பற்றிக் கொன்சுதான்சு சங்கம் செய்த தீர்மானங்கள் வலுவுடையன. மூன்றாவது, பாப்பரசரின் அதிகாரம் திருச்சபை விதிகளுக்கு இணங்க நடைபெறல் வேண்டும். கல்லிக்கன் திருச்சபையின் வழக்கங்களும் நிலைபெறல் வேண்டும். நான்காவது, விசுவாசக் காரியங்களிற் பாப்பரசர்க்குத் தலையாய பங்குண்டு. எனினும் திருச்சபையின் இசைவு சேராதவிடத்து அவர் தீர்ப்பு மாற்றமுடியாததன்று.

இவற்றை நாட்டின் குருமடங்களிலும் பல்கலைக்கழகங்களிலும் கற்பிக்கவேண்டுமென மன்னன் ஆணையிட்டான். பாப்பரசர் விடையளித்த முறை அமைதியானது. ஆயின் மிக வலியது. அப்பேரவையில் அமர்ந்தவர்களை மன்னன் மேற்றிராணிமாராகக் குறித்தபோது அவர்க்கு அதிகாரப் பத்திரம் வழங்க அவர் மறுத்தார். 1688 அளவில் ஏறத்தாழ 35 மேற்றிராசனங்கள் முறையான தலைவரின்றி இருந்தன. இடையே, 1685இல், மன்னன் புரட்டத்தாந்தர்க்கிருந்த சமய உரிமையைப் பறித்துத் தன் கத்தோலிக்கப் பற்றை உலகிற்குக் காட்ட முயன்றான். 8ஆம் அலெக்சாந்தர் பாப்பரசர் நான்கு பிரிவுகளும் வலுவற்றன என அறிவித்தார். ஈற்றில் 1693இல் மன்னன், அவற்றைக் கற்பிக்கவேண்டுமென்ற ஆணையைச் செயற்படுத்துவதில்லை எனப் பாப்பரசர்க்கு எழுதினான். ஆயினும் மேற்றிராசன வருவாய் உரிமை அவன் கையிலேயே நின்றது. கோட்பாட்டில் மன்னன் விட்டுக்கொடுத்தான், பொருளில் விட்டுக்கொடுத்தானல்லன்.

யாரிடமிருந்து உரிமை?

அக்காலத்திலேயே இதன் உட்பொருளை உணர்ந்தார் சிலருளர். கம்பிரே நகரத்து அதிமேற்றிராணியாராகிய பெனெலோன், பிரான்சிலே நடைமுறையில் மன்னனே பாப்பரசரினும் மேலாகத் திருச்சபைக்குத் தலைவனாயிருக்கின்றான் என்றும், உரோமையை நோக்கிய உரிமை மன்னனை நோக்கிய அடிமையாய் முடிந்தது என்றும் கருதினார். இரு தலைவரிடையே நிற்பவன் ஒருவனைத் தடுக்க மற்றவனை அழைப்பானாயின், அழைக்கப்பட்டவன் வெறுங்கையோடு திரும்புவதில்லை. பிரான்சு நாட்டுக் குருமார் உரோமையின் வரிகளுக்கு அஞ்சி மன்னனை அழைத்தனர். மன்னன் வந்து வருவாயையும் நியமனத்தையும் எடுத்துக்கொண்டான். பவியோனும் கோலேயும் மன்னனுக்கு அஞ்சி உரோமையை அழைத்தனர். உரோமையும் அவ்வழைப்பை மறந்ததில்லை.

எனினும் கல்லிக்கன் கொள்கை வெறும் அரச தந்திரமே எனக் கூறுதல் நடுநிலையாகாது. திருச்சபையின் தீர்ப்பு ஒருவரின் தனித்தீர்ப்பாயிருத்தல் தகுமா, பலரின் இசைவு வேண்டுமா என்பது மெய்யான வினா. பொசுவே அவ்வினாவை உள்ளன்போடு ஆராய்ந்தார்; பிளவு உண்டாகாதவாறு எல்லையையும் வகுத்தார். கல்லிக்கர் எவரும் பாப்பரசரின் முதன்மையை மறுத்தாரல்லர். அதன் அளவையே வரையறுக்க முயன்றனர்.

புரட்சியும் நெப்போலியனும்

1790 யூலை 12ஆம் நாள் புரட்சியின் பேரவை குருமாரின் குடியியல் அமைப்புச்சட்டத்தை நிறைவேற்றியது. மேற்றிராசனங்கள் ஆட்சிப் பிரிவுக்கு ஒன்றாக 83 எனக் குறைக்கப்பட்டன. மேற்றிராணிமாரையும் பங்குக் குருமாரையும் வாக்காளர் தேர்தல் வேண்டும். பாப்பரசர்க்குச் செய்தி மட்டும் அறிவித்தால் அமையும் என்றாயிற்று. இச்சட்டத்தை வகுத்த சட்டவறிஞர் கல்லிக்கன் நீதிமன்ற மரபில் வளர்ந்தோர். மன்னன் திருச்சபைமீது செலுத்திய அதிகாரத்தை இப்பொழுது மக்களாட்சி செலுத்தலாம் என அவர் கருதினர். குருமார் இச்சட்டத்திற்குப் பிரமாணஞ் செய்தல் வேண்டுமென விதிக்கப்பட்டது. மேற்றிராணிமாருள் எழுவரே இணங்கினர். பங்குக் குருமாருள் ஏறத்தாழ பாதிப்பேர் இணங்கினர். ஓர் ஊரிலே பிரமாணஞ் செய்த குருவும் செய்யாத குருவும் எதிரெதிராக நின்றனர். 1792 செத்தெம்பரிற் பாரிசு நகரச் சிறைகளில் 200க்கு மேற்பட்ட குருமார் படுகொலையுண்டனர். ஏட்டில் எழுந்த "உரிமை" எத்துணைக் குருதியை வேண்டிற்று என்பதற்கு இதனின் வேறு சான்று வேண்டா.

நெப்போலியன் 1801இல் 7ஆம் பியுசு பாப்பரசரோடு உடன்படிக்கை செய்தான். பழைய மேற்றிராணிமார் யாவரும் பதவி துறத்தல் வேண்டுமெனப் பாப்பரசர் கேட்டார். முப்பதுக்கு மேற்பட்டோர் மறுத்தனர். அவர்தம் இருக்கைகளும் ஒழிக்கப்பட்டன. ஒரு நாட்டின் மேற்றிராணிமார் அனைவரையும் பாப்பரசர் ஒருங்கே நீக்குதல் முன் எக்காலத்தும் நிகழாதது. அதனை வேண்டிப் பெற்றவன் பிரான்சின் ஆட்சித்தலைவனே! ஆயின் அவனே 1802இல் தான் தனித்து வெளியிட்ட சட்டப்பிரிவுகளில், குருமட ஆசிரியர் 1682ஆம் ஆண்டுப் பிரகடனத்தைக் கற்பிக்க உடன்படல் வேண்டும் என விதித்தான். பாப்பரசரின் அதிகாரம் பயன்படும்போது அதனைக் கைக்கொள்ளலும், தடையாகும்போது கல்லிக்கன் உரிமையை எடுத்துக்காட்டலும் அவன் வழியாயின.

1809இல் நெப்போலியன் பாப்பரசரைச் சிறைப்படுத்தினான். அவனாற் குறிக்கப்பட்டோர்க்குப் பாப்பரசர் அதிகாரம் வழங்க மறுத்தார். 11ஆம் இன்னொசெந்து எடுத்த படைக்கலமே மீண்டும் எடுக்கப்பட்டது. கர்தினால் மோரி பாப்பரசரின் அங்கீகாரமின்றிப் பாரிசு அதிமேற்றிராசனத்தை ஏற்றிருந்தார். 1811இல் இளைஞரொருவர் அவர் கையாற் குருப்பட்டம் பெற மறுத்து, ஆமியேன் நகருக்குச் சென்று பட்டம் பெற்றார். அவரே பின்னர் அமலமரித் தியாகிகள் சபையை 1816இல் நிறுவிய யூசின் தெ மசெனோட் என்பார். அச்சபையின் குருமார் 1847இல் இலங்கைக்கு வந்தனர். யாழ்ப்பாணம் புனித பத்திரிசியார் கல்லூரி அவர்தம் பொறுப்பிலேயே வளர்ந்தது. கல்லிக்கன் கொள்கையை எதிர்த்து உரோமைப் பற்றில் வளர்ந்த பிரான்சியத் தலைமுறையின் முயற்சி வடவிலங்கையின் கல்வி வரலாற்றிலும் இடம்பெற்றவாறு இது.

மலைக்கு அப்பால்

ஒரு சொல்லின் பொருளை அதன் எதிர்ச்சொல் தெளிவாக்கும். கல்லிக்கன் என்பதன் எதிர்ச்சொல் "உல்திரமொந்தேன்" என்பது. "மலைகளுக்கு அப்பாலுள்ள" என்பது அதன் நேர்ப்பொருள். மலை என்பது ஆல்ப்சு மலை; அப்பால் என்பது உரோமை. மலைக்கு அப்பாலுள்ள அதிகாரத்தையே முற்றும் சார்ந்தோர் அப்பெயர் பெற்றனர். யோசேப்பு தெ மேத்திர் 1819இல் பாப்பரசர் பற்றியும், அவர் மறைந்த 1821இல் வெளிவந்த நூலிற் கல்லிக்கன் திருச்சபை பற்றியும் எழுதி, புரட்சியின் அழிவுகளைத் தடுக்கவல்லது தவறா அதிகாரமொன்றே என வாதித்தார். 17ஆம், 18ஆம் நூற்றாண்டுகளிற் பிரான்சிய மேற்றிராசனங்கள் பல தத்தமக்கென வகுத்துக்கொண்ட வழிபாட்டு நூல்களைக் கெராஞ்சே என்னும் மடாதிபதி 1840 தொடக்கம் கண்டித்தெழுதினார். ஒவ்வொரு மேற்றிராசனமாக உரோம முறைக்குத் திரும்பிற்று. ஒர்லியான் 1875இல் இறுதியாகத் திரும்பிற்று. "கல்லிக்கனிசம்" என்னுங் கொள்கைப்பெயர் பெருவழக்கூன்றியதும் 19ஆம் நூற்றாண்டின் இப்பூசல்களிலேயாம்.

1870 யூலை 18ஆம் நாள் வத்திக்கன் சங்கம், பாப்பரசர் தம் பதவியினின்று விசுவாசம், ஒழுக்கம் பற்றி அறுதியிட்டுரைக்கும் தீர்ப்புகள் தம்மளவிலேயே மாற்றமுடியாதன. திருச்சபையின் இசைவினால் அங்ஙனம் ஆவன அல்ல என வரையறுத்தது. 1682ஆம் ஆண்டு நான்காம் பிரிவை அருகே வைத்து நோக்குவார்க்கு அதற்கே இவ்விடை எழுதப்பட்டது என்பது வெள்ளிடைமலை. ஒர்லியான் மேற்றிராணியார் துப்பான்லூ முதலாக ஐம்பதுக்கு மேற்பட்டோர் இறுதி வாக்கெடுப்பிற்கு முன்னரே உரோமையை விட்டகன்றனர். ஆதரித்தோர் 533 பேர், எதிர்த்தோர் இருவர். கத்தோலிக்கத் திருச்சபையினுட் கல்லிக்கன் கொள்கைக்கு அன்றோடு இடமில்லாதாயிற்று. 1905 திசெம்பர் 9ஆம் நாட்சட்டம் திருச்சபையையும் அரசையும் வேறு பிரித்தபோது, அரசசார்பான கல்லிக்கன் கொள்கையின் அடித்தளமும் அகன்றது. மேற்றிராணிமாரைக் குறிக்கும் உரிமையை அரசு தானே கைவிட்டது.

ஓர் ஒப்புநோக்கு

இலங்கை மாணவர்க்குப் பழக்கமான "அங்கிலிக்கன்" என்னுஞ் சொல்லும் இவ்வாறே பிறந்தது. 1215ஆம் ஆண்டின் மகா சாசனம் ஆங்கில நாட்டுத் திருச்சபை உரிமையுடன் விளங்கவேண்டும் எனக் கூறுமிடத்து அவ்வடைமொழியின் இலத்தீன் வடிவத்தையே ஆண்டது. அன்று அதுவும் இடத்தையே குறித்தது. 8ஆம் என்றி 1534இல் உரோமையோடு உறவறுத்த பின்னர் அது ஒரு தனித் திருச்சபையின் பெயராய் மாறிற்று. பிரான்சு மன்னர் உரோமையோடு எத்துணை முரணினும் உறவை அறுத்தாரல்லர். மேற்றிராணிமாரை நியமிக்கும் அதிகாரம் 1516இலேயே அவர்க்குக் கிட்டியமையால் உறவறுக்கவேண்டிய தேவையும் குறைவாயிற்று. ஆதலால் "அங்கிலிக்கன்" சபைப்பெயராய் வளர, "கல்லிக்கன்" கொள்கைப்பெயராய் நின்றது. ஒரே முறையிற் பிறந்த இரு சொற்கள் அரசியலின் வேறுபாட்டால் இருவேறு பொருளெய்தின.

முடிவுரை

இதுகாறுங் கூறியவற்றாற் "கல்லிக்கன்" என்னும் அடைமொழிக்கு நான்கு படிகள் உள என்பது பெறப்படும். முதலில் அது நிலத்தைக் குறித்தது. பின் அந்நிலத்தின் வழிபாட்டையும் சங்கீத பாடத்தையுங் குறித்தது. அதன்பின் ஒரு நாட்டுத் திருச்சபையின் வழக்குரிமைகளைக் குறித்தது. ஈற்றில் அவ்வுரிமைகள் பற்றிய கோட்பாட்டைக் குறித்தது. ஆதலின் நூலொன்றில் இச்சொல்லைக் காணும் மாணவர், எந்நூற்றாண்டுச் செய்தி பேசப்படுகின்றது, பேசுவோர் குருவா, நீதிபதியா, மன்னனா என வினாவியே பொருள் கொள்ளல் வேண்டும்.

இச்சொல்லின் வரலாறு சொல்லாராய்ச்சியோடு முடிவதன்று. பூர்சு நகரிற் குருமார் வேண்டிய தேர்தல் உரிமை அவர்க்கு மீளவேயில்லை. அதனை முதலில் மன்னனும் பாப்பரசரும் பகிர்ந்தனர். பின்னர் வாக்காளர் பெற்றனர். அதன்பின் நெப்போலியன் பெற்றான். ஈற்றில் உரோமை பெற்றது. ஒவ்வொருவரும் அதனைத் திருச்சபையின் நலங் கருதியே பெற்றதாகக் கூறினர். தன் உரிமையைத் தானே காவாது வலியார் ஒருவரின் காவலில் வைக்கும் நிறுவனம், காவலன் மாறுந்தோறும் தலைவனையும் மாற்றவேண்டியதாகும். சமய நிறுவனமாயினும் கல்வி நிறுவனமாயினும் இவ்வுண்மைக்கு விலக்கில்லை என்பதனை இவ்வொரு சொல்லின் வரலாறு உணர்த்துகின்றது.